காலையில முதல் ஸ்டார்ட்ல கார் உதறுதா? காரணத்த நீங்களே கண்டுபிடிக்க முழு வழிகாட்டி

மார்கழி, தை மாசத்துல ஓசூர், தளி, தேன்கனிக்கோட்டை பக்கம் விடியக்காத்தால கார் எடுக்குறவங்களுக்கு இது நல்லாவே தெரியும். ராத்திரி பூரா பனியில நின்ன வண்டி, சாவி போட்டா ஸ்டார்ட் ஆகும், ஆனா அதுக்கப்புறம் ஒரு நிமிஷம் ரெண்டு நிமிஷம் ஸ்டியரிங் நடுங்கும், ஐடிலிங் ஏறி ஏறி இறங்கும், சைலன்சர்ல விட்டு விட்டு தப்பு தப்புன்னு சத்தம் வரும், ஆக்சிலேட்டர் மிதிச்சா அடைச்சுக்கும். ஹீட் ஏறினதும் எல்லாம் சரியாயிடும். பத்து மணிக்கு மெக்கானிக் கிட்ட கொண்டு போனா அவர் ரெண்டு தடவ ரேஸ் பண்ணி பாத்துட்டு வண்டி நல்லாத்தானே ஓடுதுன்னு சொல்லுவாரு, அவர் மேல தப்பே இல்ல, அவர் முன்னாடி நிக்கிற வண்டி நல்லாத்தான் ஓடுது. இல்லன்னா எதுக்கும் பிளக் மாத்திடலாம், இன்ஜெக்டர் கிளீன் பண்ணிடலாம்னு ஒண்ணு ஒண்ணா காசு போகும், உதறல் மட்டும் அப்படியே இருக்கும்.

இந்த மாதிரி பிரச்சனைக்கு சாட்சி சொல்ற நேரம் ஒரு நாளைக்கு ஒரே ஒரு தடவதான் வரும், அதுவும் ரெண்டு நிமிஷம். அந்த ரெண்டு நிமிஷத்துல என்ன பாக்கணும், என்ன கேக்கணும்னு தெரிஞ்சா பாதி வேலை முடிஞ்சது. அத விட்டுட்டு சூடான இன்ஜினுக்கு என்ன டெஸ்ட் பண்ணாலும் குருட்டு வேலைதான், அதனால கீழ ஹீட் ஆனதுக்கு அப்புறம்னு தனியா சொல்லாத எதையும் வண்டி குறைஞ்சது 8 மணி நேரம் நின்னதுக்கு அப்புறம் பண்ணுங்க.

முதல்ல எது நார்மல்னு தெரிஞ்சுக்கணும்

குளிர்ந்த இன்ஜின் ஸ்டார்ட் ஆனதும் ஐடிலிங் 1200லருந்து 1500 ஆர்பிஎம் வரைக்கும் போறது நார்மல், ஹீட் ஏற ஏற அது 700 - 900க்கு இறங்கும். புது வண்டிங்கள்ல, முக்கியமா 2020 ஏப்ரலுக்கு அப்புறம் வந்த பிஎஸ்6 வண்டிங்கள்ல, சைலன்சர்ல இருக்குற கேட்டலிட்டிக் கன்வர்ட்டர சீக்கிரம் சூடாக்குறதுக்காக இன்ஜின் கம்ப்யூட்டரான ஈசியூவே ஸ்பார்க் டைமிங்க பின்னாடி தள்ளும், அதனால முதல் அரை நிமிஷம் சத்தம் கொஞ்சம் கரகரன்னு இருக்கும். 3 சிலிண்டர் வண்டின்னா லேசான அதிர்வு பிறவியிலயே உண்டு. சைலன்சர்ல தண்ணி சொட்டுறதும், குளிர்ல வெள்ளையா ஆவி வந்து கொஞ்ச நேரத்துல மறையறதும் நார்மல். ஒரே சீரா இருக்குற அதிர்வ விட்டுடுங்க, விட்டு விட்டு வர்ற துள்ளல்தான் நம்ம தேடுறது, அதுதான் ஏதோ ஒரு சிலிண்டர் எரியாம தவறுது, மெக்கானிக்குங்க மிஸ் அடிக்குதுன்னு சொல்றது.

அதோட செக் இன்ஜின் லைட் நிலையா எரிஞ்சா நேரம் இருக்கு, ஆனா அது மினுக்கு மினுக்குன்னு அணைஞ்சு அணைஞ்சு எரிஞ்சா வண்டிய ஓட்டாதீங்க. எரியாத பெட்ரோல் நேரா கன்வர்ட்டருக்குள்ள போய் எரியுது, கன்வர்ட்டர் உருகிடும், அதோட விலை பிளக் காயில் விலைய விட பல மடங்கு.

முந்தின நாள் ராத்திரி

வண்டிய திறந்த இடத்துல நிறுத்துங்க. கதவு மூடுன ஷெட்டுக்குள்ள காலையில இன்ஜின ஓட விட்டு டெஸ்ட் பண்றது உயிருக்கே ஆபத்து, கார்பன் மோனாக்சைடுக்கு வாசனையும் கெடையாது நிறமும் கெடையாது. போன்ல சார்ஜ் இருக்கட்டும், காலையில டேஷ்போர்டு மீட்டரும் சத்தமும் சேர்ந்து வர்ற மாதிரி ஒரு வீடியோ, சைலன்சர் பக்கம் யாராச்சும் நின்னு ஒரு வீடியோ எடுக்கணும். வோல்ட் அளக்க மல்டிமீட்டர் ஒண்ணு, ஈசியூவுல பதிவான கோளாறு கோட (பி0301 மாதிரி நம்பர) போன்ல காட்டுற புளூடூத் ஓபிடி ஸ்கேனர் ஒண்ணு இருந்தா போதும், ஈஎல்எம்327ன்னு கேட்டா ஆன்லைன்லயே கிடைக்கும், இந்தியாவுல 2013 ஏப்ரலுக்கு அப்புறம் வந்த பிஎஸ்4 வண்டின்னா ஓபிடி2 இருக்கும்.

காலையில, சாவி போடுறதுக்கு முன்னாடி

பானெட்ட தூக்குங்க. கூலன்ட் டேங்க்ல அளவு எங்க இருக்குன்னு பாருங்க. ரேடியேட்டர் மேல் ஹோஸ கையால அமுக்கிப் பாருங்க, ராத்திரி பூரா ஆறின வண்டியில அது மெதுவா அமுங்கணும். அப்பவும் கல்லு மாதிரி விறைப்பா இருந்தா, உள்ள கேஸ் பிரஷர் ஏறி இருக்குன்னு அர்த்தம், இன்ஜின் ஹெட்டுக்கும் பிளாக்குக்கும் நடுவுல இருக்குற ஹெட் கேஸ்கட் மேல சந்தேகம் அங்கயே ஆரம்பிக்குது.

மாந்தோப்புலயோ காட்டு வீட்லயோ வண்டி நிக்கிறவங்க டார்ச் அடிச்சு ஒயர முழுசா பாருங்க. இன்ஜின் சூட்டுக்கு எலி உள்ள வந்து படுக்குறது நம்ம பக்கம் சாதாரணம், இன்ஜெக்டர் ஒயரோ காயில் ஒயரோ பாதி கடிச்சு விட்டுருந்தா ஈரத்துல மட்டும் மிஸ் அடிக்கும், வெயில் வந்து காஞ்சதும் நல்லா ஓடும், இத ஸ்கேனர் மட்டும் வச்சு புடிக்கவே முடியாது.

பேட்டரி வோல்ட் பாருங்க. 12.6 இருந்தா ஃபுல், 12.2ன்னா பாதிதான், செல்ஃப் அடிக்கிறப்போ 9.6க்கு கீழ விழுந்தா பேட்டரி தளர்ந்துடுச்சு. வோல்ட் இல்லாம ஈசியூவும் காயிலும் முதல் சில நொடி ஒழுங்கா வேலை செய்யாது, அதையே நிறைய பேர் இன்ஜின் கோளாறுன்னு நினைச்சுக்கிறாங்க.

அடுத்து ஸ்கேனர்ல இக்னிஷன் மட்டும் ஆன் பண்ணி, ஸ்டார்ட் பண்ணாம, கூலன்ட் டெம்பரேச்சரையும் இன்டேக் ஏர் டெம்பரேச்சரையும் பாருங்க. என்னைக் கேட்டா இந்த முழு வேலையிலயும் ரொம்ப உபயோகமான, காசே ஆகாத டெஸ்ட் இதுதான். ராத்திரி பூரா நின்ன வண்டியில இன்ஜினும் காத்தும் ஒரே சூட்டுல இருக்கணும், வெளிய 15 டிகிரின்னா ரெண்டும் 15 பக்கத்துல, நாலஞ்சு டிகிரி முன்ன பின்ன காட்டலாம். காத்து 15, கூலன்ட் 45ன்னு காட்டுனா ஈசியூ இன்ஜின் ஏற்கனவே சூடா இருக்குன்னு நம்பி பெட்ரோல கம்மியா குடுக்கும், குளிர்ந்த இன்ஜினுக்கு அது பத்தாது, உதறும். கூலன்ட் -40ன்னு காட்டுனா சென்சர் ஒயர் அறுந்துருக்கு, இல்லன்னா கனெக்டர் கழண்டுருக்கு. நிறைய வண்டியில இந்த சென்சர் போனா ரேடியேட்டர் ஃபேன் நிக்காம ஓடும், அதையும் கவனிங்க.

ஸ்டார்ட் பண்ணதும் கடிகாரத்த பாருங்க

உதறல் எத்தன நேரம் இருக்குங்கிறதுதான் காரணத்த பிரிச்சுக் காட்டும். முதல் அஞ்சு பத்து செகண்ட் மட்டும் உதறி, அப்புறம் சட்டுன்னு தெளிஞ்சா, ராத்திரி ஏதோ ஒண்ணு சிலிண்டருக்குள்ள கசிஞ்சு எறங்கிருக்கு, அது பெட்ரோலா இருக்கலாம், கூலன்ட்டா இருக்கலாம், வால்வு சீல் வழியா ஆயிலா இருக்கலாம். அந்த நேரத்துல புகைய பாருங்க, கறுப்பும் பெட்ரோல் வாசமும்னா இன்ஜெக்டர் சொட்டுது, நீலப்புகைன்னா ஆயில், கெட்டியான வெள்ளைப் புகை லேசா இனிச்ச வாசத்தோட கொஞ்ச நேரம் தொங்குச்சுன்னா கூலன்ட்.

அப்படி இல்லாம ஹீட் முள்ளு ஏற ஏற உதறல் கொஞ்சம் கொஞ்சமா குறைஞ்சா, அது வேற கூட்டம்: டெம்பரேச்சர் சென்சர், காத்து லீக், பிளக் காயில், டேப்பட் (வால்வு இடைவெளி), கம்ப்ரஷன் (சிலிண்டருக்குள்ள அமுக்குற பிரஷர்). முழுசா ஹீட் ஆனதுக்கு அப்புறமும் உதறுதுன்னா அது குளிர் ஸ்டார்ட் பிரச்சனையே இல்ல, எப்பவும் இருக்குற மிஸ்ஃபயர், குளிர்ல கொஞ்சம் அதிகமா தெரியுது அவ்வளவுதான், அதுக்கு மெக்கானிக் கிட்ட எந்த நேரத்துல போனாலும் காட்டிடலாம்.

பிளக்கும் காயிலும்

நிறைய வண்டியில காரணம் இங்கதான் இருக்கும். சாதாரண நிக்கல் பிளக்கோட ஆயுசு சுமாரா 30,000 - 40,000 கிலோமீட்டர், இரிடியம் 1 லட்சம் வரைக்கும் போகும். தேஞ்ச பிளக்ல கேப் கூடிடும், அத தாண்ட அதிக வோல்ட் வேணும், குளிர்ந்த இன்ஜின்ல பெட்ரோல் சரியா ஆவியாகாம துளித்துளியா இருக்குறப்போ அந்த பலவீனம் முதல்ல வெளிய தெரியும்.

இருட்டு இருக்குறப்பவே பானெட்ட தூக்கி இன்ஜின ஓட விட்டு, எதையும் தொடாம காயில் பக்கம், பழைய வண்டின்னா பிளக் ஒயர் பக்கம் பாருங்க. நீலமா பொறி தெறிச்சா ஸ்பார்க் வெளிய லீக் ஆகுது. கையால ஒயர புடுங்கிப் பாக்குற பழைய வழக்கம் வேண்டாம், ஷாக்கும் அடிக்கும், காயிலும் போகும்.

ஒரு காலைக்கு ஒரு டெஸ்ட்தான் பண்ண முடியும்ங்கிறதால, கோடு பி0301ன்னு வந்தா, அதாவது முதல் சிலிண்டர் மிஸ்னா, அன்னைக்கு ராத்திரி இன்ஜின் ஆறின பிறகு முதல் சிலிண்டர் காயில 3வதுக்கு மாத்துங்க, முதல் சிலிண்டர் பிளக்க 2வதுக்கு மாத்துங்க, 2, 3ல இருந்தத அதுக்கு பதிலா போட்டுக்குங்க. கோட அழிச்சிட்டு மறுநாள் காலையில பாருங்க. பி0303ன்னு வந்தா காயில் போச்சு, பி0302ன்னு வந்தா பிளக், மறுபடியும் பி0301தான் வருதுன்னா ரெண்டும் நிரபராதி, இன்ஜெக்டர், அதோட ஒயரு, இல்ல அந்த சிலிண்டரோட கம்ப்ரஷன் பக்கம் போகணும். ஒரே ராத்திரியில மூணு கேள்விக்கு பதில் கிடைக்கும், ஒரு ரூபா செலவு இல்ல. பி0300ன்னு வந்தா ஒரே சிலிண்டர்னு இல்லாம மாறி மாறி தவறுது, அப்போ ஒரே ஒரு பிளக், காயில தேடாம, எல்லா பிளக்கும் தேஞ்சது, பெட்ரோல் பிரஷர், காத்து லீக் மாதிரி பொதுவான காரணத்த தேடுங்க.

கழட்டுன பிளக்க தொடைக்காம பாருங்க. காஞ்ச கறுப்பு கரி படிஞ்சா பெட்ரோல் அதிகம், பெட்ரோல் ஈரம்னா எரியவே இல்ல, ஆயில் பிசுபிசுப்புன்னா வால்வு சீலோ பிஸ்டன் ரிங்கோ, மத்த மூணும் பழுப்பா இருக்க ஒண்ணு மட்டும் கழுவி விட்ட மாதிரி வெள்ளையா பளிச்சுன்னு இருந்தா அந்த சிலிண்டர்ல கூலன்ட் போகுது. திருப்பி போடுறப்போ கையாலயே முழுசா திருகி அப்புறம்தான் ஸ்பேனர் வைக்கணும், ஹெட் அலுமினியம், மரை போச்சுன்னா பெரிய செலவு.

பெட்ரோல் பக்கம்

சாவிய ஆன்ல வச்சு, ஸ்டார்ட் பண்ணாம ரெண்டு மூணு செகண்ட் நில்லுங்க, பின் சீட் பக்கம் பம்ப் உய்யுன்னு சத்தம் வந்து நிக்கும். ஆஃப் பண்ணி மறுபடி ஆன், இப்படி மூணு தடவ பண்ணிட்டு ஸ்டார்ட் பண்ணுங்க. இன்னைக்கு உதறல் இல்லாம எடுத்துச்சுன்னா, ராத்திரியில லைன்ல இருந்த பிரஷர் இறங்கிப் போகுதுன்னு தெரிஞ்சு போச்சு. பம்ப்ல பெட்ரோல் திரும்பிப் போகாம தடுக்குற செக் வால்வு புடிக்கல, இல்ல இன்ஜெக்டர் சொட்டுது. ரெண்டுல எது? செக் வால்வுன்னா செல்ஃப் நீளமா அடிக்கணும் ஆனா பெட்ரோல் வாசம் இருக்காது. இன்ஜெக்டர் சொட்டுனா வாசம் அடிக்கும், கறுப்பா ஒரு புகை தள்ளும், அந்த மாதிரி வண்டியில ஆக்சிலேட்டர முழுசா மிதிச்சுக்கிட்டு செல்ஃப் அடிச்சா சீக்கிரம் புடிக்கும், ஏன்னா அப்படி மிதிச்சா பெரும்பாலான வண்டியில ஈசியூ இன்ஜெக்டர நிறுத்திடும்.

எல்லாத்துக்கும் இ20 பெட்ரோல்தான் (20 சதவீதம் எத்தனால் கலந்தது) காரணம்னு ஒரு பேச்சு ஓடுது. எத்தனால் ஆவியாக பெட்ரோலவிட ரெண்டு மடங்குக்கும் மேல வெப்பம் வேணும்ங்கிறது உண்மை, தண்ணியையும் இழுத்துக்கும், வாரக்கணக்கா நிக்கிற வண்டியில அது தொல்லைதான். ஆனா தினமும் ஓடுற நல்ல வண்டி நம்ம ஊர் குளிருக்கு இ20ல உதறக்கூடாது. ஏற்கனவே தேஞ்ச பிளக், அடைச்ச இன்ஜெக்டர் இருந்தா அது வெளிய காட்டிக் குடுக்குது, அதனால பெட்ரோல திட்டுறதோட நிறுத்தாம மிச்சத்த பாருங்க.

சிஎன்ஜி போட்ட வண்டிக்காரங்க இத அவசியம் படிங்க. பெரும்பாலான வண்டி ஸ்டார்ட் ஆகுறது பெட்ரோல்ல, கொஞ்சம் ஹீட் ஆனதும்தான் கேஸுக்கு மாறும். மாசக்கணக்கா ரெண்டு லிட்டர் பழைய பெட்ரோலயே டேங்க்ல வச்சுக்கிட்டு ஓட்டுறவங்க நிறைய பேர், அது கெட்டுப் போய் பெட்ரோல் இன்ஜெக்டர்ல பிசினா படிஞ்சுடும், காலையில அந்த ஒரு நிமிஷம் உதறும், கேஸுக்கு மாறின உடனே வெண்ணெயா ஓடும். மாறுற அந்த நொடியில உதறல் நின்னா சந்தேகமே வேண்டாம், பெட்ரோல் பக்கம்தான். புது பெட்ரோல் போட்டு, வாரத்துல ஒரு நாள் கொஞ்ச தூரம் பெட்ரோல்லயே ஓட்டுங்க.

காத்து லீக்

ரப்பர் ஹோஸும் இன்டேக் கேஸ்கட்டும் குளிர்ல சுருங்கி விறைச்சு இருக்கும், சூடானதும் விரிஞ்சு அடைச்சுக்கும், அதனால லீக் காலையில மட்டும் இருக்கும். உதறுறப்போ பானெட் பக்கம் உஸ்ஸுன்னு சத்தம் கேக்குதான்னு பாருங்க, பிரேக் பூஸ்டர் ஹோஸ், பிசிவி ஹோஸ் (இன்ஜின் உள் ஆவிய இன்டேக்குக்கு கொண்டு போறது), ஏர் ஃபில்டருக்கும் திராட்டிலுக்கும் (இன்ஜினுக்கு போற காத்த திறந்து மூடுறது) நடுவுல இருக்குற பெரிய ரப்பர் எல்லாம். பிரேக்க மிதிச்சு புடிச்சா ஐடிலிங் நல்லா மாறுச்சுன்னா பூஸ்டர் பக்கம் லீக். சோப்புத் தண்ணி ஸ்பிரே பண்ணுங்க, லீக் இருக்குற இடத்துல அடிச்சதும் இன்ஜின் சத்தம் மாறும். கார்ப் கிளீனர் ஸ்பிரே அடிக்கிறவங்களும் உண்டு, ஆனா அது தீப்புடிக்கிற சமாச்சாரம், ஸ்பார்க் லீக் இருக்குற வண்டியிலயும் சைலன்சர் மேனிஃபோல்டு பக்கத்துலயும் வேண்டவே வேண்டாம்.

ஸ்கேனர்ல ஃபியூல் டிரிம்னு ஒண்ணு இருக்கு, ஈசியூ பெட்ரோல எத்தன சதவீதம் கூட்டி குறைச்சு குடுக்குதுங்கிற கணக்கு, அத ஹீட் ஆனதுக்கு அப்புறம்தான் பாக்கணும், ஏன்னா ஆக்சிஜன் சென்சர் சுமாரா 300 டிகிரி சூடானாதான் பேசவே ஆரம்பிக்கும், அது வரைக்கும் ஈசியூ தன் கணக்குல பெட்ரோல் குடுக்குது. ஐடிலிங்ல டிரிம் +20 பக்கம் இருந்து, 2500 ஆர்பிஎம்ல 5க்கு இறங்குனா காத்து லீக். ரெண்டுலயும் அதிகமாவே இருந்தா பெட்ரோல் பத்தல, பம்ப், ஃபில்டர் பாருங்க. இதுல ஒரு விஷயம், காத்து அளக்க மேப் சென்சர் (இன்டேக் பிரஷர அளக்குறது) மட்டும் இருக்குற வண்டியில லீக்னா டிரிம் பெருசா ஏறாது, ஐடிலிங் ஆர்பிஎம்தான் ஏறி நிக்கும்.

பெட்ரோல் டேங்க் ஆவிய இன்ஜினுக்கு விடுற பர்ஜ் வால்வுல, டேங்க் பக்கம் இருக்குற ஹோஸ கழட்டி வால்வு முனையில வெரல வைங்க, குளிர்ந்த இன்ஜின் ஐடிலிங்ல அங்க இழுவை இருக்கக் கூடாது, இழுத்தா வால்வு திறந்தே மாட்டியிருக்கு. பெட்ரோல் ஃபுல் பண்ண உடனே ஸ்டார்ட் பண்ணா உதறுற வண்டியில இத முதல்ல பாருங்க. திராட்டில் பாடியில கரி இருந்தா துணியில கிளீனர் நனைச்சு தொடைங்க, எலக்ட்ரானிக் திராட்டில் தட்ட இக்னிஷன் ஆன்ல வெரலால தள்ளாதீங்க.

தெர்மோஸ்டாட் இருக்கா, கழட்டிட்டாங்களா?

இத தனியா சொல்லணும், ஏன்னா நம்ம பக்கம் இது ஒரு பழக்கமாவே ஆயிடுச்சு. சேலத்துலருந்து தொப்பூர் கணவாய் ஏறுறப்போ, இல்ல சூளகிரி வழியா ஓசூர் ஏறுறப்போ வண்டி ஒரு தடவ ஹீட் ஆனா போதும், இன்ஜின் சூடாகுற வரைக்கும் கூலன்ட்ட ரேடியேட்டருக்கு விடாம புடிச்சு வைக்கிற தெர்மோஸ்டாட் வால்வ கழட்டி எறிஞ்சிடுறாங்க. அப்புறம் இன்ஜின் சரியான சூட்டுக்கு வரவே வராது, முள்ளு கீழயே கிடக்கும், ஈசியூ இன்ஜின் இன்னும் குளிராத்தான் இருக்குன்னு பெட்ரோல ஊத்திக்கிட்டே இருக்கும், பிளக்ல கரி, மைலேஜ் காலி, உதறல் ரெண்டு நிமிஷத்துக்கு பதிலா பத்து பதினஞ்சு நிமிஷம். பி0128ன்னு கோடு வந்தா இதத்தான் சொல்லுது. புது வால்வு போடுங்க, ஹீட் ஆனதுக்கு உண்மையான காரணம் ரேடியேட்டர்லயோ ஃபேன்லயோ இருக்கும், அத சரி பண்ணுங்க. போர் தண்ணிய ரேடியேட்டர்ல ஊத்தாதீங்க, தர்மபுரி கிருஷ்ணகிரி நிலத்தடி தண்ணியில ஃப்ளோரைடு இருக்குன்னுதான் ஒகேனக்கல் கூட்டுக்குடிநீர் திட்டமே வந்துச்சு, அதே தண்ணி நிறைய இடத்துல உப்பும் கடினமுமா இருக்கு, காச்சுனா பாத்திரத்துல படியுற அந்த வெள்ளை உப்பு ரேடியேட்டர் குழாயிலயும் சென்சர் முனையிலயும் படியும். கூலன்ட்டும் டிஸ்டில்டு வாட்டரும் மட்டும்தான்.

டேப்பட், கம்ப்ரஷன்

கேஸ்ல நிறைய ஓடுன வண்டியில எக்ஸாஸ்ட் வால்வு சீட் தேஞ்சு டேப்பட் கேப் குறைஞ்சுக்கிட்டே வரும், கடைசியில வால்வு முழுசா மூடாது. டேப்பட் சத்தம் வந்தா எல்லாரும் கவலப்படுறாங்க, ஆனா இங்க ஆபத்து சத்தமே இல்லாத டேப்பட்தான். கேப்ப தானா சரி பண்ணிக்கிற ஹைட்ராலிக் அட்ஜஸ்டர் இல்லாத வண்டின்னா கேப் அளந்து பாக்கச் சொல்லுங்க. கம்ப்ரஷன் டெஸ்ட்டும் ஆறின இன்ஜின்லயே ஒரு தடவ எடுக்கச் சொல்லுங்க, பிளக் எல்லாத்தையும் கழட்டி, திராட்டில முழுசா திறந்து, பெட்ரோல், காயில் ரெண்டையும் கட் பண்ணி. மொத்த நம்பர விட சிலிண்டருக்கு சிலிண்டர் எத்தன வித்தியாசம்ங்கிறதுதான் முக்கியம். கம்மியா இருக்குறதுல ஒரு ஸ்பூன் ஆயில் விட்டு மறுபடி எடுங்க, ஏறுனா ரிங், ஏறலன்னா வால்வு இல்ல ஹெட் கேஸ்கட்.

டீசல் வண்டி

ராயக்கோட்டை தக்காளி மார்க்கெட்டுக்கு விடியறதுக்குள்ள போற பிக்கப், பொலேரோ மாதிரி வண்டிங்க காலையில உதறிக்கிட்டு கண்ணு எரியுற வெள்ளைப் புகை விட்டா, முதல் சந்தேகம் ஹீட்டர் பிளக் (ஸ்டார்ட்டுக்கு முன்னாடி சிலிண்டர சூடாக்குறது). எரியாத டீசல்தான் அந்தப் புகை. ஒயர கழட்டி ஒவ்வொரு பிளக் முனைக்கும் இன்ஜின் பாடிக்கும் மீட்டர் வைங்க, நல்ல பிளக் 1 ஓம் பக்கத்துல காட்டும், ஒண்ணுமே காட்டலன்னா அது செத்துப் போச்சு. எல்லாம் நல்லா இருந்தா ரிலே வழியா கரண்ட் வருதான்னு பாருங்க. கழட்டுறப்போ இன்ஜின் வெதுவெதுப்பா இருக்கட்டும், பலமா முறுக்குனா உள்ளயே ஒடஞ்சு ஹெட்ட கழட்டுற வரைக்கும் கொண்டு போயிடும். பிளக் நல்லா இருந்தா ஃபில்டர்ல தேங்குன தண்ணிய வெளியேத்துங்க, டீசல் லைன்ல காத்து இழுக்குதான்னு பாருங்க, அதுக்கும் மேலன்னா இன்ஜெக்டர் லீக் டெஸ்ட், அது டீசல் பம்ப் ரிப்பேர் கடை வேலை.

மெக்கானிக் கிட்ட விடுறப்போ

வண்டிய ஓட்டிட்டுப் போய் உடனே காட்டாதீங்க, முந்தின நாள் சாயங்காலமே விட்டுட்டு, காலையில நான் வர்ற வரைக்கும் யாரும் ஸ்டார்ட் பண்ண வேண்டாம்ணான்னு சொல்லிட்டு வாங்க. வீடியோவ காட்டுங்க, எத்தன செகண்ட் உதறுது, என்ன புகை, கூலன்ட் டெம்பரேச்சர் எத்தன காட்டுச்சு, காயில் மாத்துனப்போ கோடு எங்க போச்சு, எல்லாத்தையும் ஒரு பேப்பர்ல எழுதிக் குடுங்க. கோட அழிக்கிறதுக்கு முன்னாடி போட்டோ எடுத்து வச்சுக்குங்க, அழிச்சா அதோட சேர்ந்து கோடு விழுந்த நேரத்து டெம்பரேச்சர், ஆர்பிஎம் விவரமும் போயிடும். எந்த பார்ட் மாத்துனாலும் பழசைக் கேட்டு வாங்குங்க. வேலை முடிஞ்சதும் அங்கயே ஸ்டார்ட் பண்ணிப் பாத்துட்டு சரியாயிடுச்சுன்னு வராதீங்க, ராத்திரி திறந்த வெளியில நிறுத்தி அடுத்த ரெண்டு மூணு காலை அதே நேரத்துக்கு எடுத்துப் பாருங்க, அதுவரைக்கும் அந்த பில்லையும் பழைய பார்ட்டையும் வண்டியிலயே வச்சுருங்க.